கள்ளுக்கடையைத் திறந்தது யார்?

ஜொகூர் பாருவில் மவுண்ட் ஆஸ்டின் என்றால் இன்றைய பிள்ளைகளுக்கு நினைவுக்கு வருவது காப்பிக் கடைகளும், சனிக்கிழமை இரவில் கார் நிறுத்த இடம் கிடைக்காத தெருக்களும்தான். அது ஒரு காலத்தில் ரப்பர்த் தோட்டத்தின் பெயர். ஜொகூரில் இப்படிப் பெயர் மட்டும் மிஞ்சிய தோட்டங்கள் எத்தனையோ. சில இடங்களில் பால்மரம் போய்ச் செம்பனை வந்தது. சில இடங்களில் இரண்டும் போய்த் தாமான் வந்தது. என் வயதுக்காரர்களில் பலர் லயத்தில் பிறந்தவர்கள். எங்கள் பிள்ளைகளுக்கோ தோட்டம் என்பது கதையில் வருகிற இடம். அவர்கள் அதைச் சிறுகதைகளில்தான் பார்க்க முடியும்.

அப்படியானால் அந்தக் கதைகளை எவ்வளவு தூரம் நம்பலாம்?

இந்தக் கேள்வி எனக்குத் தானாகத் தோன்றியதில்லை. நாங்கள் ஏழெட்டுப் பேர் மாதம் ஒரு முறை கூடி, ஒரு கதையைப் படித்துப் பேசுகிறோம். ஆசிரியர் இருவர், சிங்கப்பூருக்குப் போய்வரும் பொறியாளர் ஒருவர், ஒரு தாதி, ஒரு கணக்காளர் என்று பலவிதமானவர்கள். ஒரு மாதம் பழைய தோட்டக் கதை ஒன்றை எடுத்துக்கொண்டோம். குடிகாரத் தகப்பன், பால்மரம் சீவும் தாய், அவளை மிரட்டும் கங்காணி, பையனைப் படிக்க வைக்கும் தமிழ்ப்பள்ளி வாத்தியார். பையன் படித்துத் தோட்டத்தை விட்டுப் போகிறான். தாய் அழுதபடி நிற்கிறாள். எங்கள் கூட்டத்தில் இரண்டு பேர் கண் கலங்கினார்கள்.

வீட்டுக்கு வந்து அம்மாவிடம் அந்தக் கதையைச் சொன்னேன். லாயாங் லாயாங் பக்கத்தில் இருபது வருடங்களுக்கு மேல் மரம் சீவியவர் அவர். முழுக்கக் கேட்டுவிட்டு, "ஏன்டா, அந்தப் பொம்பளைக்கு வாயில நாக்கு இல்லியா? பால் நிறுக்கிற எடத்துல கிராணி கொறச்சி எழுதுனா நாங்க சும்மாவா இருந்தோம்? வாளியக் கீழ வச்சிட்டு நின்னுருவோம். அத எவனும் எழுதலியா?" என்றார்.

இலக்கிய விமர்சகர்கள் கனமான சொற்களில் கேட்பதை அம்மா இரண்டு வரியில் கேட்டுவிட்டார். கதையில் இருக்கும் சமூகத்தைப் பார்ப்பது பாதி வேலை. அதில் யார் விட்டுப் போனார்கள், ஏன் விட்டுப் போனார்கள் என்று பார்ப்பது மறுபாதி.

தமிழில் இந்தக் கேள்விகளை முறையாக எழுப்பியவர்களில் முதன்மையானவர் பேராசிரியர் க. கைலாசபதி. அவரை நாம் யாழ்ப்பாணத்தோடு சேர்த்தே நினைக்கிறோம். அவர் பிறந்தது 1933இல், நம் கோலாலம்பூரில். போருக்குப் பிறகு இலங்கை சென்றார். கொழும்பில் தினகரன் நாளிதழின் ஆசிரியராக இருந்தார். இங்கிலாந்தின் பர்மிங்காம் பல்கலைக்கழகத்தில் ஜார்ஜ் தாம்சனிடம் ஆய்வு செய்து முனைவர் பட்டம் பெற்றார். கிரேக்க நாடகங்களை அந்தக் காலத்து ஏதென்ஸ் மக்களின் வாழ்க்கையோடு சேர்த்துப் படித்தவர் தாம்சன். அந்தப் பார்வையைக் கைலாசபதி தமிழுக்குக் கொண்டுவந்தார். 1968இல் வந்த அவருடைய 'தமிழ் நாவல் இலக்கியம்' என்ற நூல், நாவல் என்ற வடிவம் ஏன் அந்தக் காலத்தில், அந்த மக்களிடையே தோன்றியது என்று ஆராய்கிறது. அச்சு இயந்திரம், புதிய கல்வி, சம்பளம் வாங்கும் நடுத்தர வர்க்கம் எல்லாம் சேர்ந்த இடத்தில்தான் நாவல் முளைக்கிறது. அவருடைய நண்பர் கா. சிவத்தம்பி, சிறுகதையின் தோற்றத்தையும் வளர்ச்சியையும் பற்றி இதே பார்வையில் எழுதினார்.

இதை நம் ஊருக்குப் பொருத்திப் பார்க்கலாம். மலேசியத் தமிழில் சிறுகதைகள் குவிந்து கிடக்கின்றன. நாவல்கள் அந்த அளவுக்கு இல்லை. நம் எழுத்தாளர்களுக்கு நீளமாக எழுத வராது என்று சிலர் சொல்வார்கள். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. இங்கே கதைக்கு வீடு கொடுத்தவை நாளிதழ்களின் ஞாயிறு பதிப்புகள். ஒரு பக்கத்தில் கதை முடிய வேண்டும். பக்கத்திலேயே விளம்பரத்துக்கும் இடம் வேண்டும். நாவலுக்குப் பதிப்பகம் வேண்டும், காசு கொடுத்து வாங்கும் வாசகன் வேண்டும். இரண்டும் இங்கே அரிது. பெரும்பாலும் எழுதியவரே கைக்காசு போட்டு அச்சிட்டு, அவரே சுமந்து விற்க வேண்டியிருந்தது. கதையின் நீளத்தைக்கூடச் சமூகம் தீர்மானிக்கிறது என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியவில்லை.

யார் எழுதினார்கள் என்பது அடுத்தது. நம் எழுத்தாளர்களில் தமிழ்ப்பள்ளி ஆசிரியர்கள் மிக அதிகம். தோட்டத்தில் பேனாவும் ஓய்வு நேரமும் இருந்தவர் அவர்தான். எனவே வாத்தியார் நல்லவராகவும், பையனின் படிப்பே கதையின் விடுதலையாகவும் வருவதில் வியப்பில்லை. நான் ஆசிரியர்களைக் குறை சொல்லவில்லை. என்னைப் படிக்க வைத்தவர்களும் அவர்கள்தான். ஆனால் விடிகாலைப் பெரட்டுக்குப் போய் நின்றவள் எழுதியிருந்தால், கதை வேறு இடத்தில் தொடங்கியிருக்கும்.

மூன்றாவது, எதிரி யார் என்பது. கதைகளில் கொடுமைக்காரன் பெரும்பாலும் கங்காணி அல்லது கிராணி. துரை குன்றின் மேல் பங்களாவில் இருப்பார், எப்போதாவது ஜீப்பில் வருவார். லண்டனில் இருந்த கம்பெனி கதைக்குள் வருவதே அபூர்வம். கங்காணி தமிழ் பேசுகிறவன். நம் கண் முன்னே நடமாடுகிறவன். அவனை எழுதுவது சுலபம். கள்ளுக்கடையும் அப்படித்தான். குடித்துச் சீரழிந்த அப்பன் நூற்றுக்கணக்கான கதைகளில் வருகிறான். பெரியார் 1929 இறுதியிலும் 1954இலும் மலாயாவுக்கு வந்து சென்ற காலத்தின் சீர்திருத்தக் காற்று அந்தக் கதைகளில் வீசுகிறது. குடியை விடு, பிள்ளையைப் படிக்க வை என்று அவை சொல்கின்றன. நல்லதுதான். ஆனால் அந்தக் கள்ளுக்கடையைத் தோட்டத்துக்குள் திறக்க அனுமதித்தது யார், அது அங்கே இருந்ததால் யாருக்கு வசதி என்று கேட்ட கதைகள் குறைவு. குற்றம் அப்பனின் குணத்தோடு முடிந்துவிடுகிறது. சமூகவியல் பார்வையுள்ள விமர்சகர் அங்கிருந்துதான் தொடங்குவார்.

இந்தப் பார்வை நமக்கு வெளியிலிருந்து மட்டும் வந்ததில்லை. 1950இல் சுப. நாராயணனும் பைரோஜி நாராயணனும் 'தமிழ் நேசன்' இதழில் கதை வகுப்பு நடத்தினார்கள். எழுத ஆசைப்பட்டவர்களுக்குப் பத்திரிகையே பள்ளிக்கூடம் ஆனது. 1952இல் இடைசெவல்காரரான கு. அழகிரிசாமி அதே இதழுக்கு ஆசிரியராக வந்து 1957 வரை இருந்தார். எழுதுகிறவர்களைக் கூட்டி வைத்துக் கதைகளைப் பேச வைத்தார். அதே காலத்தில் புதுமைப்பித்தனைப் பற்றி இங்கும் சிங்கப்பூரிலும் பத்திரிகையில் பெரிய விவாதம் நடந்தது. அவர் இறந்து சில வருடங்களே ஆகியிருந்தன. ஜொகூர் பாருவில் பிறந்து சிங்கப்பூரில் எழுத்தாளராகப் பேர் பெற்ற பி. கிருஷ்ணன், 'புதுமைதாசன்' என்று தமக்குப் பெயர் வைத்துக்கொண்டது அந்தப் பற்றினால்தான். வேலை முடிந்து வந்த சாதாரண மனிதர்கள், ஒரு கதைக்காரர் மேதையா இல்லையா என்று நாளிதழில் மோதிக்கொண்டார்கள் என்பதை நினைத்தால் எனக்கு இன்றும் பொறாமையாக இருக்கிறது. 1924இல் தொடங்கிய 'தமிழ் நேசன்' 2019 தொடக்கத்தில் நின்றுபோனது.

நம் இலக்கியத்தின் மிகப் பெரிய மௌனம் எது என்று கேட்டால் நான் சயாம் ரயில் பாதையைச் சொல்வேன். 1942, 43ஆம் ஆண்டுகளில் ஜப்பானியர்கள் சயாமிலிருந்து பர்மாவுக்கு 415 கிலோமீட்டர் ரயில் பாதை போட்டார்கள். மலாயாத் தோட்டங்களிலிருந்து ஏமாற்றியும் பிடித்தும் கொண்டுபோகப்பட்ட தமிழர்களில் பல்லாயிரம் பேர் திரும்பவில்லை. காலரா, மலேரியா, பட்டினி, அடி. குடும்பத்தில் ஒருவரை அங்கே பறிகொடுக்காத தோட்டம் அரிது. ஆனால் அதை மையமாக வைத்த நாவல்களாக நம் கையில் இருப்பவை, ஆர். சண்முகத்தின் 'சயாம் மரண ரயில்', அ. ரெங்கசாமியின் 'நினைவுச்சின்னம்' போன்ற சிலவே. அவையும் சம்பவம் நடந்து ஏறத்தாழ அரை நூற்றாண்டு கழித்து வந்தவை.

ஏன் இவ்வளவு தாமதம்? என் கணிப்பைச் சொல்கிறேன். போனவர்கள் எழுதத் தெரியாதவர்கள். எழுதத் தெரிந்தவர்களில் பலர் போகாமல் தப்பியவர்கள். அதே காலத்தில் நேதாஜி சிங்கப்பூருக்கு வந்தார், இந்திய தேசிய ராணுவம் எழுந்தது. அதில் சேர்ந்தவர்களுக்குச் சொல்ல ஒரு பெருமை இருந்தது, உடுப்பும் பாட்டும் இருந்தன. ரயில் பாதையில் செத்தவர்களுக்கு அப்படி எதுவும் இல்லை. இழப்பைச் சொல்ல ஒரு வடிவம் வேண்டும். அது கிடைக்கும் வரை ஒரு சமூகம் வாயை மூடிக்கொண்டிருக்கும். சிறுகதைக்கான ஒரு பக்கத்தில் அடங்குகிற துயரமும் இல்லை அது. பாட்டிகள் ஒப்பாரியில் அதைச் சொல்லிக்கொண்டே இருந்திருக்கலாம். ஒப்பாரியை யார் அச்சிட்டார்கள்?

எழுதாமல் விட்டது ஒரு பக்கம். எழுதியதை நாம் எப்படி எதிர்கொள்கிறோம் என்பது இன்னொரு பக்கம். அதில்தான் நமக்கு விமர்சனம் எவ்வளவு தேவை என்பது தெரிகிறது.

'இந்தர்லோக்' நினைவிருக்கும். அப்துல்லா ஹுசேன் எழுதி 1971இல் வெளிவந்த மலாய் நாவல். 2011இல் சில மாநிலங்களில் ஐந்தாம் படிவ மாணவர்களுக்குப் பாடநூலாக வந்தது. மலாய், சீன, இந்தியக் குடும்பங்களின் கதைகளைச் சேர்த்துச் சொல்லும் அந்த நாவலில், இந்தியர்களைச் சாதிப் பெயரால் குறித்த சொல்லும், நம் வரலாற்றைப் பற்றிய தவறான சித்திரிப்பும் இருந்தன. நம்மவர்கள் கொதித்தார்கள், கொதித்ததில் நியாயம் இருந்தது. அந்த ஆண்டு இறுதியில் நூல் திரும்பப் பெறப்பட்டது. ஆனால் அந்தப் பல மாதங்களில் நம்மிடையே நடந்த பேச்சு பெரும்பாலும் ஒரு சொல்லைச் சுற்றியே நின்றது. அந்தச் சொல் மலாய் எழுத்தாளர் ஒருவரிடம் எந்த வழியாகப் போய்ச் சேர்ந்தது, வெள்ளைக்காரர்கள் எழுதி வைத்தவற்றிலிருந்தா, பக்கத்து லயத்தில் நாமே பேசியதிலிருந்தா என்று கேட்டவர்கள் சிலரே. சாதி தோட்டத்தில் இருந்ததா என்ற கேள்வி நமக்கே சங்கடமானது. கல்யாணப் பேச்சில் இருக்கும். கதையில் குறைவாகவே இருக்கும்.

ஒன்பது வருடம் கழித்து இன்னொன்று நடந்தது. இம்முறை எழுதியவர் நம்மவர். ம. நவீனின் 'பேய்ச்சி' நாவல் 2019இல் வந்தது. கெடாவின் லூனாஸில் 1981இல் விஷச் சாராயம் குடித்துப் பலர் இறந்த சம்பவம் அதன் பின்னணி. அதே குடி; ஆனால் வாத்தியார் வந்து காப்பாற்றும் கதை அதில் இல்லை. தோட்டத்து மனிதர்கள் பேசுகிற கொச்சை அப்படியே வருகிறது. நம்மிடையே ஆதரவும் எதிர்ப்பும் எழுந்தன. 2020 டிசம்பரில் உள்துறை அமைச்சு, 1984ஆம் ஆண்டு அச்சகம், வெளியீடுகள் சட்டத்தின்கீழ் அதைத் தடை செய்தது. ஆபாசமானது, ஒழுக்கத்துக்குக் கேடானது என்பது காரணம்.

அந்த நாவலை நல்லது என்று சொல்பவர்களும் இருக்கிறார்கள், சகிக்க முடியாதது என்று சொல்பவர்களும் இருக்கிறார்கள். இரு தரப்பும் வாதாட வேண்டிய இடம் பத்திரிகைப் பக்கமும் கூட்ட மேடையும்தான். ஒரு தாய் கோபத்தில் பேசும் வசைச்சொல் கதைக்குத் தேவையா, அதை நீக்கினால் அவள் யாராக மிஞ்சுவாள் என்று பேசியிருக்கலாம். பேசிப் பேசித் தோற்றிருந்தாலும் பரவாயில்லை. இரண்டு முறையும் முடிவை எழுதியது அரசாணை. ஒரு முறை நமக்குச் சாதகமாக, மறுமுறை பாதகமாக. விமர்சனம் செய்ய வேண்டிய வேலையை அதிகாரத்திடம் ஒப்படைத்தால் அது யார் பக்கம் திரும்பும் என்று நமக்குத் தெரியாது.

நாட்டின் கணக்கிலும் நம் எழுத்துக்கு ஓர் ஓரம்தான். 1971இல் தேசியப் பண்பாட்டுக் கொள்கை வந்தது. மலாய் மொழியில் எழுதப்பட்டால்தான் தேசிய இலக்கியம், மற்ற மொழிகளில் எழுதப்படுவது அந்தந்த இனத்தாரின் இலக்கியம் என்று இஸ்மாயில் ஹுசேன் போன்ற அறிஞர்கள் வாதிட்டார்கள். அதுவும் ஒரு வகை இலக்கிய விமர்சனம்தான். சமூகத்தை யார் என்று வரையறுத்துவிட்டு இலக்கியத்தை அளக்கிறது.

சமூகக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டே படிப்பதில் ஓர் ஆபத்தும் இருக்கிறது. கதை போலீஸ் வாக்குமூலம் ஆகிவிடும். பால் மங்கு எப்படி இருந்தது, சம்பளம் எத்தனை வெள்ளி என்று சரிபார்த்துவிட்டு, கதை உயிரோடு இருக்கிறதா என்று பார்க்க மறந்துவிடுவோம். தமிழ்நாட்டில் சி.சு. செல்லப்பாவின் 'எழுத்து' பத்திரிகையும் க.நா. சுப்ரமண்யமும் முதலில் கலையாகத் தேறுகிறதா என்று பாருங்கள் என்று வற்புறுத்தியது இதனால்தான். புதுமைப்பித்தனின் 'துன்பக்கேணி' இலங்கைத் தேயிலைத் தோட்டத்தைப் பற்றியது. அவர் தோட்டத் தொழிலாளியாக வாழ்ந்தவரில்லை. இருந்தும் அந்தக் கதை இன்றும் அறைகிறது. அகிலன் இங்கே வந்து, பார்த்து, 'பால்மரக் காட்டினிலே' எழுதினார். நம் தோட்டத்தை நமக்கு வெளியே பரவலாக அறிமுகப்படுத்திய நாவல் அது. எனக்கோ அதில் விருந்தாளியின் கண்தான் தெரிகிறது. இது என் ரசனை. எங்கள் கூட்டத்துக் கணக்காளர் அந்த நாவலுக்காக என்னோடு இன்னும் சண்டை போடுகிறார்.

அம்மாவின் கேள்விக்குப் பிறகு நாங்கள் ஒரு பழக்கம் வைத்துக்கொண்டோம். எந்தக் கதையை எடுத்தாலும், முதலில் கதையாகப் படிப்போம். பிறகு இதில் பேசாமல் இருப்பவர் யார் என்று கேட்போம். இதற்குப் பட்டம் ஒன்றும் தேவைப்படவில்லை. பிள்ளைகள் இருந்தால் இன்னும் நன்றாக நடக்கிறது. பதின்மூன்று வயதுப் பெண் ஒருத்தி, "இந்தக் கதையில அக்காவுக்கு ஏன் பேரே இல்ல?" என்று கேட்டபோது ஆசிரியர் இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

இப்போது எங்கள் முன்னால் இருப்பது தோட்டக் கதை இல்லை. ஜொகூர் பாருவின் இன்றைய தமிழன் விடிவதற்கு முன்பே எழுந்து, பாலத்தில் மோட்டார் சைக்கிள் வரிசையில் நிற்கிறான். அக்கரையில் சம்பாதித்து இக்கரையில் செலவழிக்கிறான். பிள்ளைகள் தூங்கும்போது போய், தூங்கும்போது வருகிறான். பெரட்டுக்குப் போனவனின் பேரன் இவன்தான், நேரம்கூட மாறவில்லை. இவனைப் பற்றி நான் படித்த கதைகள் மிகக் குறைவு. எழுத வேண்டியவன் வரிசையில் நிற்கிறான் என்பது காரணமாக இருக்கலாம்.

எங்கள் கூட்டத்துத் தாதி சிங்கப்பூர் மருத்துவமனையில் வேலை செய்பவர். சென்ற மாதம் நான்கு பக்கத்தில் ஒரு கதை எழுதிக் கொண்டுவந்தார். குடிநுழைவு வரிசை, தலைக்கவசத்துக்குள் வியர்வை, கைப்பேசியில் மகளின் குரல் எல்லாம் அச்சு அசலாக இருந்தன. மகளை யார் எழுப்பிக் குளிப்பாட்டிப் பள்ளிக்கு அனுப்புகிறார் என்று பொறியாளர் கேட்டார். வீட்டில் இருக்கும் இந்தோனேசியப் பணிப்பெண். கதையில் அவர் ஒரே ஒரு வரியில் வருகிறார், "வேலைக்காரி கதவைச் சாத்தினாள்" என்று.

கூட்டத்தில் கொஞ்ச நேரம் யாரும் பேசவில்லை. அவருடைய பெயர் என்ன என்று கேட்டோம். தாதி சொன்னார். அவருக்கும் ஊரில் ஒரு மகள் இருக்கிறாளாம், ஏழு வயது. கதையைத் திருத்தி அடுத்த மாதம் கொண்டுவருவதாகச் சொல்லியிருக்கிறார்.